ஆண் கூம்பை வெட்டினால் பெண் மரம் காய்க்காது!
அழிவின் விளிம்பில் நிற்கும் காட்டு சைக்கஸ்

முகூர்த்த நாள்களில் அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லிப் பக்கம் கல்யாண மண்டபங்களைத் தாண்டிப் போகிறவர்கள், வாசல் அலங்காரத்தில் ஓர் இலையைப் பார்த்திருப்பார்கள். தென்னை ஓலை போல இருக்கும்; தென்னை இல்லை. ஈச்ச ஓலை போலவும் இருக்கும், ஈச்சையும் இல்லை. கரும்பச்சை நிறத்தில், மெழுகு பூசியது போல மினுமினுக்கும். வெட்டிப் பல நாள் ஆனாலும் லேசில் வாடாது. மலர்வளையம் கட்டவும் இதைத்தான் பயன்படுத்துகிறார்கள். பூக்கடைகளில் இதற்கு ‘சைக்கஸ் இலை’ என்று பெயர்.

நாட்டு மருந்துக் கடைகளில் ‘மதனகாமப்பூ’ என்று கேட்டால், காய்ந்த செதில் செதிலாக ஒன்றை மடித்துக் கொடுப்பார்கள். பெயரில்தான் பூ இருக்கிறதே தவிர, அது பூ இல்லை. சைக்கஸ் ஆண் மரத்தின் கூம்பில் இருக்கும் செதில் அது. பூவே பூக்காத தாவர இனம் இது.

மண்டப வாசலுக்குப் போகும் இலைக்கும், மருந்துக் கடைக்குப் போகும் கூம்புக்கும் காட்டிலிருக்கும் மரங்கள்தான் விலை கொடுக்கின்றன.

பனையும் இல்லை, ஜவ்வரிசியும் இல்லை!

நர்சரிகளில் ‘சாகோ பாம்’ என்று சொல்லி விற்கப்படும் செடி, பெரும்பாலும் ஜப்பான் நாட்டு வகை. இலைகள் விறைப்பாக, ஓரம் கீழ்நோக்கிச் சுருண்டு இருக்கும். ‘பாம்’ என்று அழைத்தாலும் பனைக்கும் இதற்கும் எந்த உறவும் கிடையாது. ‘சாகோ’ என்ற பெயரைப் பார்த்து, இதிலிருந்துதான் ஜவ்வரிசி வருகிறது என்று நினைப்பவர்களும் உண்டு. சேலம் பக்கம் தயாராகும் ஜவ்வரிசி, மரவள்ளிக்கிழங்கில் இருந்து எடுக்கப்படுவது.

நம் நாட்டுக்கே சொந்தமான சைக்கஸ் வகைகள் சில இருக்கின்றன. அவற்றில் முக்கியமானது, மேற்குத் தொடர்ச்சி மலையில் வளரும் ‘சைக்கஸ் சர்சினாலிஸ்’. கேரளத்தில் இதற்கு ‘ஈந்து’ என்று பெயர். இலை நீளமாக, தட்டையாக, மென்மையாக வளைந்து தொங்கும். 17-ம் நூற்றாண்டில் டச்சு ஆளுநர் வான் ரீட் தொகுத்த ‘ஹோர்தூஸ் மலபாரிக்கூஸ்’ நூலிலேயே இந்த மரத்தின் படம் இருக்கிறது. 1753-ல் லின்னேயஸ் இதற்குத் தாவரவியல் பெயர் சூட்டினார். இன்று, அழியும் ஆபத்தில் உள்ள தாவரங்களின் சர்வதேசப் பட்டியலில் இது இடம்பெற்றிருக்கிறது.

திருக்குடை போகும் வழியில்...

புரட்டாசியில் சென்னையிலிருந்து கிளம்பும் திருப்பதி திருக்குடைகள் வில்லிவாக்கம், திருமுல்லைவாயல், திருவள்ளூர் வழியாகத் திருமலைக்குப் போகின்றன. அந்தத் திருமலையும், கடப்பை வரை நீளும் சேஷாசல மலைத்தொடரும்தான் இன்னொரு சைக்கஸ் வகைக்குத் தாய்வீடு. உலகில் வேறெங்கும் அது இயற்கையாக வளர்வதில்லை. சென்னை ராஜதானியில் வன அதிகாரியாக இருந்த பெடோம் என்பவரின் பெயரால், 1883-ல் அதற்கு ‘சைக்கஸ் பெடோமி’ என்று பெயர் வைத்தார்கள். சென்னையின் மேற்குப் புறநகர்களுக்குப் பக்கத்திலிருக்கும் காட்டு சைக்கஸ் இதுதான்.

வறண்ட மலைச்சரிவில், புல்லும் புதரும் மண்டிய இடத்தில் வளரும் குட்டை மரம். காட்டுத்தீயில் இலையெல்லாம் கருகினாலும் தண்டு பிழைத்துக்கொண்டு மறுபடி துளிர்க்கும். ஆனால், மருந்துக்காகக் கூம்பை அறுப்பது, தண்டை வெட்டுவது, அடிக்கடி தீ வைப்பது என எல்லாம் சேர்ந்ததில் எண்ணிக்கை குறைந்துபோனது. 1972-ம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் தனியாகப் பெயர் சொல்லிப் பாதுகாக்கும் மிகச் சில தாவரங்களில் இதுவும் ஒன்று. சர்வதேச வணிகத்தைக் கட்டுப்படுத்தும் ‘சைட்டிஸ்’ ஒப்பந்தத்திலும் மிகக் கடுமையான முதல் பட்டியலில் இருக்கிறது. மற்ற சைக்கஸ் வகைகள் இரண்டாம் பட்டியலில் இருக்கின்றன. காட்டில் எடுத்த சைக்கஸை நம் நாட்டிலிருந்து ஏற்றுமதி செய்யவும் தடை உண்டு.

ஸ்ரீபெரும்புதூர் மண்ணில் ஓலை அச்சு!

இந்தக் குடும்பம் டைனோசர்களுக்கும் மூத்தது. அதற்கு நெருங்கிய சாட்சி பூந்தமல்லியிலிருந்து 20 கிலோமீட்டர் சுமாரில் இருக்கிறது. ஸ்ரீபெரும்புதூர் வட்டாரத்தில், 10 கோடி ஆண்டுகளுக்கும் முந்தைய களிப்பாறைகளில் இலைகளின் அச்சு பதிந்து கிடப்பதை 19-ம் நூற்றாண்டிலேயே புவியியல் ஆய்வாளர்கள் கண்டுபிடித்தார்கள். பல்லாவரத்தில் கற்காலக் கருவியைக் கண்டெடுத்த ராபர்ட் புரூஸ் ஃபூட், இந்தப் பாறைகளையும் ஆராய்ந்தவர். அந்த அச்சுகளில் ‘டைலோஃபில்லம்’ என்ற ஓலை முக்கியமானது. அச்சு அசல் சைக்கஸ் ஓலை போலவே தெரியும். நுட்பமாக ஆராய்ந்து அதைத் தனிக் குடும்பத்தில் சேர்த்திருக்கிறார்கள். அந்தக் குடும்பம் பூண்டோடு போய்விட்டது. சைக்கஸ் மட்டும் தப்பிப் பிழைத்து நிற்கிறது.

ஆண் தனி, பெண் தனி!

பனையைப் போலவே சைக்கஸிலும் ஆண் மரம் தனி, பெண் மரம் தனி. ஆண் மரத்தின் உச்சியில் நிமிர்ந்த கூம்பு வரும். பெண் மரத்தில் இலை போன்ற மடல்கள் கொத்தாக வந்து, அவற்றின் ஓரங்களில் விதைகள் பிடிக்கும். ஆண் கூம்பிலிருந்து மகரந்தத்தைச் சிறு வண்டுகளும் காற்றும் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும்.

இங்கேதான் சிக்கல். ‘கூம்பை மட்டும்தானே எடுக்கிறோம், மரத்தை வெட்டவில்லையே’ என்று தோன்றலாம். ஆனால், ஒரு சரிவில் இருக்கும் ஆண் கூம்புகளையெல்லாம் மகரந்தம் உதிரும் முன்பே அறுத்துவிட்டால், சுற்றியுள்ள பெண் மரங்களில் அந்த முறை முளைக்கும் விதை கிடைக்காது. மரங்கள் பச்சையாகத்தான் நிற்கும். கன்று மட்டும் இருக்காது. இலையை மொட்டையடிப்பதும் அப்படித்தான். இந்த மரம் ஆண்டு முழுக்க இலை விடுவதில்லை. எப்போதாவது ஒரே சுற்றாகத் துளிர்க்கும். இருப்பதையும் வெட்டினால் கூம்பு விடவும் விதை பிடிக்கவும் தெம்பு எங்கிருந்து வரும்?

தென் ஆப்பிரிக்காவின் ஙோயே காட்டில் 1895-ல் ஒரு சைக்கஸ் இன மரத்தைக் கண்டுபிடித்தார் ஜான் மெட்லி வுட். அது ஆண் மரம். இன்றுவரை அதற்கு ஒரு பெண் மரம்கூடக் கிடைக்கவில்லை. பக்கக் கன்றுகளைப் பிரித்துப் பிரித்து உலகத் தோட்டங்களில் வளர்க்கிறார்கள். எல்லாமே ஆண். தாய் மரம் எந்தப் பாலோ, பக்கக் கன்றும் அதே பால்தான். விதையிலிருந்து வந்தால் மட்டுமே ஆணும் பெண்ணும் கலந்து வரும்.

குவாம் தீவு சொல்லும் பாடம்

பசிபிக் கடலில் இருக்கும் குவாம் தீவின் காடுகளில், 2002-ம் ஆண்டுக் கணக்குப்படி அதிகம் இருந்தவை சைக்கஸ் மரங்கள்தான். அடுத்த ஆண்டே ஆசிய வெள்ளைச் செதில் பூச்சி அங்கே பரவியது. அலங்காரத்துக்காக இறக்குமதி செய்யப்பட்ட சைக்கஸ் செடிகளோடு வந்த பூச்சி அது. சில ஆண்டுகளிலேயே காட்டு மரங்கள் கூட்டம் கூட்டமாகச் செத்தன. 2006-ல் அந்த வகையும் அழியும் பட்டியலுக்குப் போனது. நர்சரியிலிருந்து வாங்கிவரும் ஒரு தொட்டிச் செடியைக் கவனிக்காமல் விட்டால் எதுவரை போகும் என்பதற்கு இது உதாரணம்.

வீட்டில் வளர்ப்பவர்கள் கவனத்துக்கு...

துளிர்: சைக்கஸ் புதுத்துளிர் விடும்போது, சின்ன நீல நிற வண்ணத்துப்பூச்சி ஒன்று வந்து முட்டையிடும். புழுக்கள் இளந்துளிரை மொட்டையாக்கிவிடும். துளிரில் எறும்பு நடமாட்டம் தெரிந்தால் புழு இருக்கிறது என்று பொருள். இலை முற்றும்வரை சில வாரங்களுக்கு மெல்லிய வலையால் மூடிவைத்தாலே போதும். ரசாயனம் தேவையில்லை.

செதில் பூச்சி: இலையின் அடியில் சுண்ணாம்பு தெளித்தது போல வெள்ளை படர்ந்தால், அந்த இலைகளை வெட்டி எரித்துவிட வேண்டும். மற்ற இலைகளின் அடிப்பகுதியிலும் படும்படி வேப்பெண்ணெய்க் கரைசலைத் தெளிக்கலாம். புதிதாக வாங்கிய செடியைச் சில வாரங்கள் தனியே வைத்திருந்து பார்த்த பிறகு மற்றவற்றோடு சேர்ப்பது நல்லது.

தண்ணீர்: தேங்கினால் தண்டு அழுகிவிடும். மணல் கலந்த, வடிகால் உள்ள மண்ணே ஏற்றது. இதன் வேரில் பவளம் போன்ற முடிச்சுகள் தெரிந்தால் பயப்பட வேண்டாம். காற்றிலிருந்து தழைச்சத்தைப் பிடித்துக்கொடுக்கும் நீலப்பச்சைப் பாசி அதற்குள் வாழ்கிறது.

விஷம்: விதை, இலை எல்லாமே நஞ்சு. விதையைக் கடித்த நாய்க்குக் கல்லீரல் கெட்டு உயிரே போகலாம். இலையை மேய்ந்த மாடுகளுக்குப் பின்னங்கால்கள் இழுத்துக்கொள்ளும். ஆடு, மாடு வைத்திருப்பவர்கள் எட்டாத இடத்தில்தான் வளர்க்க வேண்டும். மலைவாழ் மக்கள் ஈந்து விதையைப் பொடித்து, பல நாள் நீரில் ஊறவைத்து, தண்ணீரை மாற்றி மாற்றி நஞ்சை எடுத்த பிறகே சமைக்கிறார்கள். பழக்கமில்லாதவர்கள் முயற்சி செய்யக் கூடாது.

விதை: நாட்டு வகை வைத்திருப்பவர்கள், அக்கம்பக்கத்தில் ஆண் மரம் எங்கே, பெண் மரம் எங்கே என்று விசாரித்து வைத்துக்கொள்ளலாம். ஆண் கூம்பின் மகரந்தத்தைப் பெண் மரத்தில் தூவினால் விதை பிடிக்கும். பழுத்த விதையின் சதையைக் கையுறை போட்டு நீக்கிவிட்டு, மணலில் பாதி புதைத்து வைக்க வேண்டும். முளைக்க மாதக்கணக்கில் ஆகும், பொறுமை முக்கியம்.

செடி வாங்கும்போது, விதையிலிருந்து வளர்த்ததா என்று நர்சரியில் கேட்க வேண்டும். வேரோடு பிடுங்கி, இலைகளை வெட்டிவிட்ட பெரிய தண்டாக இருந்தால் வாங்கக் கூடாது. பந்தல் போடும்போது, இலை எங்கிருந்து வருகிறது என்று அலங்காரம் செய்பவரிடம் ஒரு வார்த்தை விசாரிக்கலாம். தென்னங்குருத்துத் தோரணமும், மாவிலையும், நெட்டிலிங்க இலையும் மண்டப வாசலுக்குக் குறைவான அழகு இல்லை. அதற்குக் கொடுக்கும் பணம் பக்கத்து ஊர் விவசாயிக்கும் போய்ச் சேரும்.