கடற்றெய்வம் பொசைடன்: பழங்கதையும் புதுக்கதையும்

மலைகள் மலிந்த கிரேக்க நாட்டிலே தரைவழிச் செலவு அரிது. வாணிகம், போர், குடியேற்றம் ஆகிய யாவும் பெரும்பாலும் கடல்வழியாகவே நிகழ்ந்தன. வாழ்வளித்த அக்கடலே கலங்களை விழுங்கவும் செய்தது. இவ்விரு தன்மைகளையும் ஒருங்கே உடைய தெய்வமாகக் கிரேக்கர் பொசைடனைக் கண்டனர். அவன் வழிபாடு மிகப் பழையது. 1952ஆம் ஆண்டில் மைக்கேல் வென்றிஸ் என்பார் 'லீனியர் பி' என்னும் பண்டை எழுத்தைப் படிக்கும் முறையைக் கண்டறிந்தார். அதன்பின், ஹோமருக்குச் சில நூற்றாண்டுகள் முற்பட்ட பைலொஸ் நகரக் களிமண் ஏடுகளிலே அத்தெய்வத்தின் பெயர் படிக்கப்பட்டது.

குரோனொஸின் மைந்தர் மூவரும் உலகைச் சீட்டிட்டுப் பகுத்தபோது, சியூஸுக்கு வானும், ஹேடிஸுக்குக் கீழுலகும், பொசைடனுக்குக் கடலும் வாய்த்தன என்று இலியட் கூறும். அவன் கையில் முத்தலைவேல் உண்டு. குதிரைகளுக்கும் அவனே தெய்வம். இவற்றினும் முக்கியமானது, 'நிலம் நடுக்குவோன்' என அவன் அழைக்கப்பட்டமையாகும். நிலநடுக்கமும் பேரலையும் தொடர்புடையன என்பதைக் கிரேக்கர் பட்டறிந்திருந்தனர். கி. மு. 373இல் ஹெலிக்கே என்னும் நகரம் நிலநடுக்கத்தால் ஓரிரவில் இடிந்து கடலுள் ஆழ்ந்தது. அந்நகரமோ பொசைடன் வழிபாட்டுக்குப் பேர்பெற்றது. அவன் சினமே இதற்குக் காரணம் என்று பண்டையோர் பலர் கருதினர்.

அதென்ஸ் நகரத்தின் உரிமைக்காக அவன் அதீனாவோடு போட்டியிட்ட கதையும் கருதத்தக்கது. அவன் பாறையைக் குத்தி உவர்நீர் ஊற்றெழச் செய்தான். அவள் ஒலிவ மரத்தை அளித்தாள். வெற்றி அதீனாவுக்கே கிடைத்தது. ஆயினும் அதென்ஸ் மக்கள் தோற்ற தெய்வத்தைக் கைவிட்டாரல்லர். கி. மு. 5ஆம் நூற்றாண்டில் சௌனியன் முனையிலே அவனுக்குச் சலவைக்கற் கோயிலொன்றை எடுத்தனர். கலமேறிச் செல்வோர் அவனைப் பகைத்தல் இயலாதன்றோ!

பொசைடனின் சினம் முழுமையாகப் புலப்படுவது ஒடிசியிலேயாம். ஒற்றைக்கண்ணரக்கன் பொலிபீமஸ், தன் குகையுட் புகுந்த ஒடிசியஸின் தோழர் அறுவரை உண்டான். ஒடிசியஸ் அவன் கண்ணைக் குருடாக்கித் தப்பினான். கலமேறியபின் செருக்குற்றுத் தன் பெயரையும் உரக்கக் கூறினான். பெயரறிந்த அரக்கன் தன் தந்தையை நோக்கிக் கைகளை உயர்த்தி வேண்டினான். அத்தந்தை பொசைடன். அன்று தொட்டு ஒடிசியஸ் வீடு திரும்புவது தடைப்பட்டது. ஆகவே ஹோமர் காட்டும் கடலின் சினம், நீதி நூல் வழங்கிய தண்டனையன்று. மகனுக்காக நொந்த தந்தையின் சினம். அதற்குக் கழுவாயும் உண்டு. கடலையே அறியாத மக்கள் வாழும் உள்நாட்டுக்குத் துடுப்பொன்றைச் சுமந்து செல்லுமாறும், அதனைப் பொலி தூற்றுங் கருவியென ஒருவன் கருதுமிடத்திற் பொசைடனுக்குப் பலியிடுமாறும் திரேசியாஸ் என்னும் தீர்க்கதரிசி பணித்தான்.

தற்காலப் புனைகதையில் இத்தெய்வம் இருவகையாகத் தோன்றுகின்றது. போல் கலிக்கோ 1969இல் வெளியிட்ட நாவலில் 'பொசைடன்' என்பது ஒரு கப்பலின் பெயர். கடலடி நிலநடுக்கத்தால் எழுந்த பேரலை அதனைக் கவிழ்க்கின்றது. தெய்வம் மறைந்து பெயர் மட்டும் எஞ்சியபோதும், நிலநடுக்கமும் அலையுமாகிய பழைய படைகள் இரண்டும் அங்கு மாறவில்லை.

றிக் றையோர்டன் 2005இல் தொடங்கிய நாவல் வரிசையோ வேறு வழிச் செல்கின்றது. அதன் தலைவன் பேர்சி ஜக்சன் பன்னிரண்டு வயதுச் சிறுவன். எழுத்துக்களைப் படிக்க இடர்ப்படுபவன். பல பாடசாலைகளிலிருந்து விலக்கப்பட்டவன். அவன் பொசைடனின் மகன். முன்னர் ஆசிரியராகப் பணியாற்றிய றையோர்டன், இத்தகைய இடர்ப்பாடுடைய தம் மகனுக்குக் கூறிய கதையே பின்பு நூலாயிற்று. பேர்சியின் உள்ளத்தை வருத்துவது கடலின் சினமன்று. தந்தை ஏன் தன்னைப் பாராதிருந்தான் என்னும் வினாவே. 2006இல் வெளிவந்த இரண்டாம் நூலில், ரைசன் என்னும் ஒற்றைக்கண்ணன் அவனுக்குத் தந்தைவழிச் சகோதரனாகின்றான். முதலில் அவ்வுறவுக்கு நாணிய பேர்சி, பின்னர் அவன் அன்பை உணர்கின்றான். பழைய பொலிபீமஸும் அந்நூலிற் கொடியவனாகவே வருகின்றான். ஆகவே ஒரே குலத்திற் பிறந்தாருள்ளும் நல்லோரும் தீயோரும் உளர் என்பது பெறப்படுகின்றது.

ஹோமரின் தலைவன் தெய்வத்தின் சினத்தைத் தணிக்க முயன்றான். றையோர்டனின் சிறுவன் தெய்வத்திடமே விளக்கம் கேட்கின்றான். இரண்டிற்கும் அடிப்படை தந்தை மகன் உறவே. புதுக்கதை தெய்வத்தை இளையோர்க்கு அண்மையிற் கொணர்ந்தது பெரும் பயனே. எனினும் அதனோடு அமைந்துவிடும் மாணவன் ஒன்றை இழப்பான். தன்னை வழிபட்ட ஹெலிக்கேயையும் கடல் விட்டுவைக்கவில்லை. மனிதருக்கு விளக்கமளிக்கும் கடமை கடலுக்கு இல்லை என்னும் அவ்வச்சத்தைப் பழங்கதையே உணர்த்தும். பேர்சியின் கைபற்றிச் செல்வோர் ஹோமர் வரை செல்லல் வேண்டும்.