பெயர் ‘பிஎம் கிசான்’... ஆனால் ஆப் யாருடையது? ஏபிகே ஃபைலுக்குள் ஒளிந்திருக்கும் பதில்

ஜேடர்பாளையத்தில் கரும்பு விவசாயம் பார்க்கும் அப்பா, சென்னையில் வேலை செய்யும் மகனுக்கு போன் செய்கிறார் என்று வைத்துக்கொள்வோம்.

“கண்ணு, வாட்ஸ்அப்ல பிஎம் கிசான் ஆப் வந்திருக்குது. பேரு, படமெல்லாம் சரியாத்தான் இருக்குது. போட்டுறட்டுமா?”

“வேண்டாங்கப்பா, தொடாதீங்க” என்பதுதான் சரியான பதில். விவசாயிகளுக்கு ஆண்டுக்கு 6,000 ரூபாய் தரும் இந்தத் திட்டத்தின் பெயரிலும், டிராஃபிக் அபராதம், கல்யாணப் பத்திரிகை என்ற பெயர்களிலும் போலி ஏபிகே ஃபைல்கள் பரவுவதாகப் பல மாநில போலீஸார் எச்சரித்திருக்கிறார்கள். பெயர் சரியாக இருந்தும் ஆப் எப்படிப் போலியாகிறது?

பெயர் எங்கிருந்து வருகிறது?

ஏபிகே என்பது ஒரு வகை ஜிப் ஃபைல். அதற்குள் ‘ஆண்ட்ராய்டு மேனிஃபெஸ்ட்’ என்றொரு ஃபைல் கட்டாயம் இருக்கும். அதில் ‘லேபிள்’ என்ற இடத்தில் இருப்பதைத்தான் போன் ஆப்பின் பெயராகக் காட்டுகிறது. பெரும்பாலும் அங்கே பெயர் நேரடியாக இருக்காது. ‘ஆப் நேம்’ என்ற குறிப்பு மட்டும் இருக்கும். அசல் எழுத்துகள் மொழிவாரியான பட்டியலில் தனியாக இருக்கும். போனின் மொழியைத் தமிழுக்கு மாற்றினால் சில ஆப்களின் பெயரும் மாறுவது இதனால்தான்.

அந்தப் பெயரை நம்பலாமா?

கூடாது. லேபிளை எழுதுவது ஆப்பை உருவாக்கியவர். ஒரே பெயரில் பத்து ஆப்கள்கூட ஒரு போனில் இருக்கலாம். ‘பேக்கேஜ் நேம்’ அப்படியல்ல. வாட்ஸ்அப்புக்கு ‘காம்.வாட்ஸ்அப்’ என்பதுபோல, பிளே ஸ்டோரில் ஒரு ஆப்புக்கு ஒன்றுதான். ஸ்டோர் லிங்கில் ‘ஐடி=’ என்பதற்குப் பின்னால் வருவது அதுதான். ஆனால், வெளியிலிருந்து வரும் ஏபிகேயில் இதையும் காப்பியடிக்க முடியும்.

இன்ஸ்டால் செய்யாமல் பார்ப்பது எப்படி?

மேனிஃபெஸ்ட் பைனரி வடிவில் இருப்பதால், ஜிப்பைப் பிரித்து நோட்பேடில் திறந்தால் புரியாது. கம்ப்யூட்டரில் ஆண்ட்ராய்டு ஸ்டூடியோவின் ‘ஏபிகே அனலைசர்’ அதைப் படிக்கும்படி காட்டும். லேபிளோடு நிறுத்தாமல் அனுமதிப் பட்டியலையும் பாருங்கள். கல்யாணப் பத்திரிகை காட்டும் ஆப்புக்கு எஸ்எம்எஸ் படிக்கும் அனுமதி எதற்கு? வங்கியின் ஓடிபி எஸ்எம்எஸ்ஸில்தானே வருகிறது!

பட்டியல் சுத்தமாக இருப்பதாலும் நம்பிவிட முடியாது. உள்ளே வந்தபின் இன்னொரு ஆப்பை இறக்கும் போலிகளும் உண்டு. அதனால் ஊரில் இருப்பவர்களுக்குச் சொல்ல வேண்டிய விதி ஒன்றுதான்: வாட்ஸ்அப்பில் வரும் ஏபிகே எதையும் போட வேண்டாம்.

ஏற்கெனவே போட்டுவிட்டால்?

உடனே ஏர்பிளேன் மோடுக்கு மாற்றி, வைஃபையும் அணைந்திருக்கிறதா என்று பாருங்கள். வேறொரு போனிலிருந்து வங்கிக்குத் தகவல் சொல்லுங்கள். பணம் போயிருந்தால் 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணை அழையுங்கள். எவ்வளவு சீக்கிரம் அழைக்கிறீர்களோ, பணத்தை வழியிலேயே முடக்கும் வாய்ப்பு அவ்வளவு அதிகம்.