பெயர் தெரியாத முகம்: எஸ்.வி.சுப்பையா



அம்பாங் பெச்சா, கோலசிலாங்கூர் பக்கத்துப் பெரியவர்களைக் கேட்டுப் பாருங்கள். தோட்டத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய காலத்தைச் சொல்வார்கள். படம் முடிந்து லயத்துக்குத் திரும்பும்போது எல்லார் வாயிலும் கதாநாயகன் பெயர்தான். "அப்பாவாக வந்து அழ வைத்தாரே, அவர் யார்?" என்றால் பலருக்குப் பெயர் வராது. அப்படிப்பட்ட ஒருவரே எஸ்.வி.சுப்பையா.

செங்கோட்டையைச் சேர்ந்த இவர் இளம் வயதிலேயே நாடகத்துக்கு வந்தவர். அந்நாளில் நாடகக் கம்பெனியே நடிகனுக்குப் பள்ளிக்கூடம். பாட்டு, வசனம், உச்சரிப்பு எல்லாம் அங்கேதான் பாடம். பிறகு திரைப்படத்தில் குணச்சித்திர நடிகரானார்.

குணச்சித்திர நடிகர் என்றால் யார்? தகப்பன், அண்ணன், ஏழை விவசாயி என்று படத்துக்குப் படம் வேறு மனிதராக மாறுகிறவர். கதாநாயகன் சிந்தும் கண்ணீரை நாம் நம்புவதற்கு, எதிரே நிற்கும் தகப்பன் உண்மையான தகப்பனாகத் தோன்ற வேண்டும் அல்லவா? 1959-இல் வந்த 'பாகப்பிரிவினை'யில் சிவாஜி கணேசனுக்குத் தந்தையாக நின்று சுப்பையா அதைச் செய்தார்.

1961-இல் 'கப்பலோட்டிய தமிழன்' வந்தது. வ.உ.சி.யாக சிவாஜி நடித்தார். பாரதியாராக நடித்தவர் சுப்பையா. இது எளிய வேலையன்று. பாரதியார் 1921-இலேயே மறைந்துவிட்டார். அவருடைய சில புகைப்படங்கள் உண்டு. குரலோ நடையோ எதிலும் பதிவாகவில்லை. பிஜித் தீவின் கரும்புத் தோட்டங்களில் துன்புற்ற நம் பெண்களுக்காக மனம் நொந்து பாடிய அந்தக் கவிஞருக்கு, சுப்பையா திரையில் உயிர் கொடுத்தார்.

1969-இல் ஜெயகாந்தனின் 'கைவிலங்கு' கதையை 'காவல் தெய்வம்' என்று சொந்தப் படமாக எடுத்தார். காதல் நாயகன் வேடம் சிவகுமாருக்கு. கைதியையும் மனிதனாகப் பார்க்கும் சிறை அதிகாரி வேடத்தைத் தாம் ஏற்றார். பனையேறும் தொழிலாளியாகச் சிவாஜி கௌரவ வேடத்தில் வந்தார்.

1971-இல் வந்த 'ஆதிபராசக்தி'யில் அபிராமி பட்டராக நடித்தார். டி.எம்.சௌந்தரராஜன் பின்னணி பாட, அம்மனிடம் மன்றாடும் அந்தக் காட்சியைப் பார்த்தவர் மறப்பதில்லை. 1980-இல் சுப்பையா காலமானார்.

நேயர்களே, ரப்பர் ஷீட்டில் தோட்டத்தின் முத்திரை இருக்கும். விடியுமுன் எழுந்து மரம் வெட்டியவர் பெயர் இருக்காது. பெயர் இல்லை என்பதால் உழைப்பு இல்லாமல் போய்விடுமா?

அடுத்த முறை தொலைக்காட்சியில் பழைய படம் வந்தால், தகப்பனாக வருகிறவர் பெயரையும் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுங்கள். அப்படியே, பாட்டி எந்தத் தோட்டத்தில், எந்த நிரையில் வெட்டினார் என்பதையும் சொல்லி வையுங்கள். இரண்டும் நினைவில் நிற்க வேண்டியவையே.