உப்புக் காற்றும் விளையாட்டு நூலகமும்

மரக்காணத்தை நெருங்கும்போது கிழக்குக் கடற்கரைச் சாலையின் ஓரத்தே பாத்தி பாத்தியாக விரிந்து கிடக்கும் உப்பளங்களை நேயர்களில் பலர் கண்டிருக்கக்கூடும். உவர்நீரை வெயிலிடம் ஒப்படைத்து உப்பைப் பெற்றுக்கொள்ளும் தொழில் இக்கரையில் தலைமுறை தலைமுறையாக நடந்து வருகிறது. உணவுக்குச் சுவை கூட்டும் அவ்வுப்பே உலோகத்துக்குப் பகையாகவும் அமைகிறது. சைக்கிளின் சங்கிலியும், சன்னலின் கம்பியும், கதவின் கீலும் உள்ளூரைக் காட்டிலும் இங்கே விரைவில் துருவேறுவதை இவ்வூரார் நன்கறிவர். அவ்வாறே அழிந்து வரும் மற்றொரு பொருளைப் பற்றி இன்று பேச விரும்புகிறேன். 1990-களில் சிறுவர்கள் தொலைக்காட்சிப் பெட்டியோடு இணைத்து விளையாடிய வீடியோ விளையாட்டுக் கேசட்டே அப்பொருள்.

1983-ஆம் ஆண்டு சப்பான் நாட்டு நிண்டெண்டோ நிறுவனம் ஃபேமிகாம் என்னும் விளையாட்டுப் பொறியை வெளியிட்டது. அதனைப் போலச் செய்யப்பட்ட பொறிகள் பல பெயர்களில் நம் நாட்டுக் கடைத்தெருக்களை அடைந்தன. அவற்றில் செருகும் கேசட்டினுள் ஒரு சிறு சுற்றுப்பலகை உண்டு. அப்பலகையில் பொருத்திய சில்லில் விளையாட்டு முழுவதும் எண்களாகப் பதிந்திருக்கும். பலகையின் விளிம்பிலுள்ள செப்புப் பட்டைகள் வழியாகவே பொறி அவ்வெண்களைப் படிக்கிறது. காற்றின் ஈரப்பதம் ஏறத்தாழ நூற்றுக்கு 75 பங்கைத் தாண்டினால், படிந்திருக்கும் உப்புத் துகள் ஈரத்தை ஈர்த்துத் தானே நீராகிவிடும். அந்நீர் செம்பை அரித்துப் பச்சை நிறப் பாசிபோல் ஆக்குகிறது. கேசட்டு இயங்காதபோது அதன் வாயில் ஊதிவிட்டுச் செருகுவது சிறுவர் வழக்கம். மூச்சின் ஈரமும் சேர்ந்து அரிப்பை வளர்த்ததே அதனால் விளைந்த பயன்.

எனினும் பெரும்பாலும் பட்டை கெட்டாலும் சில்லு கெடுவதில்லை. பலகையைத் தூய ஐசோபுரொபைல் ஆல்கஹாலால் துடைத்து உலர்த்தி, கேசட்டுப் படிப்பான் என்னும் சிறு கருவியில் செருகினால், உள்ளே இருக்கும் எண்களைக் கணினியில் ஒரு கோப்பாக எழுதிக்கொள்ளலாம். இக்கோப்புக்கு ரோம் என்று பெயர். இக்கோப்பை விளையாட்டாக மாற்றுவது எமுலேட்டர் என்னும் நிரல். பழைய பொறியின் செயலி எவ்வாறு கணக்கிட்டதோ, படத்தை எவ்வாறு வரைந்ததோ, ஒலியை எவ்வாறு எழுப்பியதோ, அவை அனைத்தையும் இன்றைய கணினியில் அப்படியே நடித்துக் காட்டுவது அதன் வேலை. நாடக மேடையில் ஒருவர் அரசனாக நடிப்பது போன்றதே இதுவும். ஆனால் இந்நடிகர் ஓரசைவிலும் பிழை செய்யலாகாது.

கோப்புகள் சேரச் சேர அவற்றை நூலகமாக ஒழுங்குபடுத்த வேண்டிய தேவை எழுகிறது. நூல்களைக் குவித்து வைத்த அறை நூலகமாகாது. பெயரும் வகையும் இடமும் குறித்து அடுக்கிய பின்னரே அது நூலகம் என்னும் பெயருக்கு உரியதாகிறது. இவ்விடத்தில் உப்பளத் தொழில் நமக்கு நல்ல பாடம் கற்பிக்கிறது. உவர்நீரின் அடர்த்தி போமே அளவையில் 25 பாகையை நெருங்கும்போது உப்பு படியத் தொடங்கும். 30 பாகையை எட்டவிட்டால் கசப்பு உப்புகளும் கலந்துவிடும். நீரின் நிறத்தை மட்டும் நம்பாது, அடர்த்திமானியை இட்டுப் பார்ப்பதே பிழைபடா வழி. கோப்புக்கும் அத்தகைய அளவுகோல் ஒன்று உண்டு.

ஒரு கோப்பின் எண்கள் அனைத்தையும் குறித்த விதிப்படி கணக்கிட்டால் ஒரு குறுகிய எண் கிடைக்கும். சி.ஆர்.சி. 32, ஷா-1 என்பன அத்தகைய கணக்குகள். கோப்பில் ஓர் எழுத்து மாறினாலும் விடை வேறாகிவிடும். நோ-இன்ட்ரோ என்னும் தன்னார்வக் குழுவினர் கேசட்டு விளையாட்டுகளின் சரியான விடைகளைத் தொகுத்து வைத்துள்ளனர். குறுந்தகடுகளுக்கு ரீடம்ப் என்னும் குழு அப்பணியைச் செய்கிறது. நாம் எடுத்த பிரதியின் விடை அப்பட்டியலோடு பொருந்தினால், அரிப்பினால் ஓரெண்ணும் பிழைபடவில்லை என்று தெளியலாம். பொருந்தாவிடின் மீண்டும் துடைத்து, மீண்டும் படிக்க வேண்டும்.

இங்கே ஒரு நுட்பம் கவனிக்கத்தக்கது. சூப்பர் மாரியோ பிரதர்ஸ் என்னும் புகழ்பெற்ற விளையாட்டு 40,960 பைட்டு மட்டுமே கொண்டது. ஆனால் கோப்பாக இருக்கும்போது அதன் அளவு 40,976 பைட்டு. மிகுதியான 16 பைட்டும் எமுலேட்டருக்காகப் பின்னர் சேர்க்கப்பட்ட முகவுரை. ஃபேமிகாமின் செயலி கேசட்டின் நிரலில் ஒரே வேளையில் பொதுவாக 32 கிலோபைட்டையே காண இயலும். அதனினும் பெரிய விளையாட்டுகளில் பகுதிகளை மாற்றி மாற்றிக் காட்டத் தனிச் சுற்று ஒன்று இருக்கும். அச்சுற்றின் வகையையும் அம்முகவுரையே அறிவிக்கிறது. முகவுரை பிழைபட்டால், விளையாட்டு பழுதின்றி இருந்தும் திரை கறுத்துப்போகும். சரிபார்க்கும்போது முகவுரையை நீக்கிக் கணக்கிட்ட விடையா, சேர்த்துக் கணக்கிட்ட விடையா என்பதையும் நோக்க வேண்டும்.

அடுத்து வருவது அடுக்கும் பணி. ஒவ்வொரு பொறிக்கும் ஒரு தனிக் கோப்புறை வகுப்பது முதல் விதி. கோப்பின் பெயரில் விளையாட்டின் பெயரோடு, அது எந்நாட்டுப் பதிப்பு என்பதையும் குறித்தல் நன்று. இது வெறும் அலங்காரமன்று. ஐரோப்பியப் பதிப்புகள் நொடிக்கு 50 படம் காட்டும் தொலைக்காட்சிக்கும், சப்பானிய அமெரிக்கப் பதிப்புகள் 60 படம் காட்டும் தொலைக்காட்சிக்கும் அமைந்தவை. 60 படத்துக்கு எழுதிய விளையாட்டைத் திருத்தாமல் 50 படத்தில் ஓட்டினால், ஆறில் ஒரு பங்கு வேகம் குறைந்து, இசையும் இழுபடும்.

குறுந்தகட்டு விளையாட்டுகளுக்கு விதி சற்று வேறு. பிளேஸ்டேஷன் தகடு ஒன்றைப் பிரதி செய்தால் பின் என்னும் பெருங்கோப்பும், க்யூ என்னும் சிறு கோப்பும் தோன்றும். தடங்கள் எங்கே தொடங்குகின்றன என்பதைச் சிறு கோப்பே சொல்லும். ஆதலால் பெருங்கோப்பின் பெயரை மாற்றி, சிறு கோப்பினுள் அப்பெயரைத் திருத்த மறந்தால் விளையாட்டு திறவாது. மேலும், பொறி விழித்தெழும்போது முதலில் ஓடும் பயாஸ் என்னும் நிரலைப் பல எமுலேட்டர்கள் வேண்டி நிற்கும். ரெட்ரோஆர்ச் என்னும் மென்பொருளில் அதனைச் சிஸ்டம் என்னும் கோப்புறையில், எதிர்பார்க்கப்படும் பெயரிலேயே வைக்க வேண்டும்.

இவ்வாறு அடுக்கிய பின், ரெட்ரோஆர்ச்சிடம் கோப்புறையைத் தேடச் சொன்னால், அது கோப்புகளைத் தன் தரவோடு ஒப்பிட்டுப் பொறிவாரியாகப் பட்டியல் எழுதும். தரவில் இல்லாத கோப்பைப் பட்டியல் விட்டுவிடும்; அப்போது கைமுறைத் தேடலால் சேர்க்கலாம். பட்டியலில் இருப்பது விளையாட்டன்று, விளையாட்டு இருக்கும் இடத்தின் முகவரியே. பட்டியல் எழுதிய பின் கோப்புறையை வேறிடத்துக்கு மாற்றினால், குடிபெயர்ந்த வீட்டுக்குக் கடிதம் அனுப்பிய கதையாகிவிடும். ஆகவே இடத்தை முதலில் முடிவு செய்து, பின்னர் பட்டியல் எழுதுவதே முறை.

விளையாடியவர் சேர்த்த வெற்றிகளும் நூலகத்தைச் சேர்ந்தவையே. சில கேசட்டுகளில் அவற்றைக் காக்கச் சிறு மின்கலம் ஒன்று உண்டு. அது தீர்ந்தால் பல்லாண்டு உழைப்பும் மறைந்துபோகும். எனவே மின்கலம் உயிரோடு இருக்கும்போதே அச்சேமிப்பையும் படித்து எடுத்தல் வேண்டும். எமுலேட்டர் இருவகைச் சேமிப்பைத் தருகிறது. விளையாட்டே எழுதும் சேமிப்பு நெடுநாள் நிற்கும். பிற எமுலேட்டர்களும் அதனைப் பெரும்பாலும் ஏற்கும். அக்கணத்து நிலையை அப்படியே உறையவைக்கும் சேமிப்பு, நிரல் புதுப்பிக்கப்பட்டால் பயனற்றுப் போகலாம். முன்னதையே நம்புதல் நலம்.

இனி உரிமையைப் பற்றிச் சொல்லாமல் விடுவது நேர்மையாகாது. 1957-ஆம் ஆண்டின் இந்தியப் பதிப்புரிமைச் சட்டம், 52-ஆம் பிரிவில், கணினி நிரலின் பிரதியைச் சட்டப்படி வைத்திருப்பவர், இழப்புக்கும் அழிவுக்கும் எதிரான தற்காலிகக் காப்பாக, அந்நிரல் வழங்கப்பட்ட நோக்கத்துக்குப் பயன்படுத்தவே, நகலெடுப்பதை உரிமை மீறல் ஆகாது என்கிறது. தம் கேசட்டை அரிப்பினின்று காப்பவருக்கு இது ஆதரவு. முன்பின் அறியாதவர் வலையில் குவித்து வைத்ததை அள்ளி வருபவருக்கு இது பொருந்தாது. கடைத்தெருவில் விற்ற போலிக் கேசட்டுகளும் உரியவரின் இசைவின்றி எழுந்தவையே. இச்சலுகையை அவற்றுக்கு எளிதில் கோர இயலாது என்பது என் கருத்து. எமுலேட்டர் என்னும் நிரல் மட்டும் தன்னளவில் குற்றமுடையதன்று. சோனி நிறுவனம் கனெக்டிக்ஸ் நிறுவனத்தின் மீது தொடுத்த வழக்கில், 2000-ஆம் ஆண்டு அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒன்று பின்னவருக்கு ஆதரவாகத் தீர்ப்பளித்தது.

இவ்வளவு பாடுபட்டுக் காக்க இதில் என்ன இருக்கிறது என்று சிலர் கேட்கலாம். அமெரிக்காவில் 2010-க்கு முன் வெளிவந்த விளையாட்டுகளில் நூற்றுக்கு 87 பங்கு இன்று விற்பனையில் இல்லை என்று, வீடியோ விளையாட்டு வரலாற்று அறக்கட்டளை 2023-இல் வெளியிட்ட ஆய்வு கூறுகிறது. கடையில் கிடைக்காத பொருள் பரணில் அழிந்தால், மீண்டும் பெறும் வழி அரிது. ‘இலட்சம் விளையாட்டுகள்’ என்று உறையில் அச்சிட்ட கேசட்டில், சில விளையாட்டுகளே பெயர் மாற்றித் திரும்பத் திரும்ப வரும். அந்த ஏமாற்றமும்கூட ஒரு தலைமுறையின் இளமைக்கால நினைவு அன்றோ?

இறுதியாக ஒன்று. 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரிக்கு அருகே கரையைக் கடந்தபோது, மரக்காணத்து உப்பளங்கள் நீரில் மூழ்கின. உப்பளத்தை அடுத்த பருவத்தில் மீண்டும் திருத்திவிடலாம். நனைந்த வன்தட்டை அவ்வாறு திருத்துவது எளிதன்று. ஆதலின் மூன்று பிரதிகள் எடுத்து, இருவேறு வகைச் சாதனங்களில் வைத்து, அவற்றுள் ஒன்றைக் கடற்கரைக்கு அப்பால் உறவினர் வீட்டில் கொடுத்து வைத்தல் அறிவுடைமையாகும். ஆண்டுக்கொரு முறை சரிபார்ப்புக் கணக்கை மீண்டும் போட்டுப் பார்த்தலும் வேண்டும். பருவமழைக்கு முன் உப்பு அம்பாரத்தின் மேல் கூரை வேய்வோர், பின்னர் அவ்வப்போது சென்று அக்கூரை பிரிந்திருக்கிறதா என்று பார்ப்பதும் உண்டு. நூலகம் அமைத்தவருக்கும் அந்த விழிப்பு வேண்டும்.