நம் முற்றத்துச் செம்பருத்தி

 

நம் பள்ளி வாயிலில் நின்று நாள்தோறும் நம்மை வரவேற்பது செம்பருத்தி வேலியாகும். லயத்து வீட்டு முற்றங்களிலும் கோயிலைச் சுற்றியும் இச்செடி நிற்கிறது. எப்பொழுதும் கண்ணெதிரே இருப்பதனாலேயே நாம் அதனை உற்று நோக்குவதில்லை. அதன் இயல்பையும் வளர்க்கும் முறையையும் இங்கே விளக்க விரும்புகிறேன்.

செம்பருத்தி, பருத்திக் குடும்பத்தைச் சேர்ந்தது. வெண்டை, பூவரசு, துத்தி ஆகியவை இதன் உறவுகள். வெண்டைப் பூவையும் செம்பருத்திப் பூவையும் அருகருகே வைத்துப் பாருங்கள். இரண்டிலும் இதழ்கள் ஐந்து. மகரந்தத் தாள்கள் ஒன்றாக இணைந்து, குழல்போல் நடுவில் நிற்கும். முகச்சாயலைக் கொண்டு அண்ணன் தம்பியரை அறிவதுபோல் இவ்வுறவை அறியலாம்.

மலாய் மொழியில் இதனைப் புங்கா ராயா என்பர். 1960-ஆம் ஆண்டு ஜூலை 28-ஆம் நாள், துங்கு அப்துல் ரஹ்மான் பிரதமராக இருந்த காலத்தில், இது நம் நாட்டின் தேசிய மலராக அறிவிக்கப்பட்டது. 1970-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 31-ஆம் நாள் பிரகடனம் செய்யப்பட்ட ருக்குன் நெகாராவின் ஐந்து கோட்பாடுகளை இதன் ஐந்து இதழ்கள் குறிப்பதாக நாம் பள்ளியில் கற்பிக்கிறோம்.

இத்தகைய சிறப்புடைய செடிக்கு ஒரு குறை உண்டு. நம் முற்றங்களில் வளரும் செம்பருத்தி பெரும்பாலும் விதை கட்டுவதில்லை. ஒருவர் கிளையை ஒடித்துக் கொடுக்க, மற்றொருவர் வாங்கி நட்டால்தான் அதற்கு வாழ்வு. ஆகவே நம் வீட்டுச் செடி ஒவ்வொன்றும் யாரோ ஒருவர் வீட்டுச் செடியின் கிளையே ஆகும்.

நடும் முறை மிக எளிது. பென்சில் பருமனுள்ள, முற்றிய கிளையொன்றை ஆறு அங்குல நீளத்திற்கு வெட்டுங்கள். அடிப்பகுதியைக் கணுவிற்குச் சற்றுக் கீழே, கூரிய கத்தியால் சாய்வாக வெட்ட வேண்டும். நுனியில் இரண்டு இலைகளை விட்டு, மற்றவற்றை நீக்கிவிடுங்கள். மணலும் மண்ணும் கலந்து, அடியில் துளையிட்ட பால் டின்னில் நிரப்பி, இரண்டு கணுக்கள் மண்ணுள் மறையுமாறு ஊன்றுங்கள். நிழலில் வைத்து, மண் காயாமல் நீர் தெளித்து வந்தால், ஒன்றரை மாதத்திற்குள் பெரும்பாலும் வேர் பிடித்துவிடும். வேர் பிடித்ததா என்று பிடுங்கிப் பார்க்கும் ஆசை மாணவர்களுக்கு வருவது இயல்பே. அவ்வாசையை அடக்குவதும் ஒரு பாடம்தான்.

நன்கு தளிர்த்த பின், ஒன்றரை அடிக் குழி தோண்டி, மக்கிய சாணமும் இலைமக்கும் இட்டு, வெயில் படும் இடத்தில் நடுங்கள். நிழலில் நிற்கும் செடி இலை விடும், பூ குறையும். வேலியாக வளர்ப்பதாயின் செடிக்குச் செடி இரண்டு அல்லது மூன்று அடி இடைவெளி தேவை. நீர் தேங்கினால் வேர் அழுகும். தொட்டியின் கீழ்த் தட்டிலும் நீர் நிற்க விடாதீர்கள். அது டிங்கிக் காய்ச்சலைப் பரப்பும் ஏடிஸ் கொசுவிற்குப் பிறப்பிடமாகிவிடும்.

இனி, என் அறியாமையால் நேர்ந்த ஒன்றைச் சொல்கிறேன். நான் இப்பள்ளிக்கு வந்த புதிதில், வேலியின் ஒரு கிளையைக்கூட வெட்டக் கூடாதென்று ஆணையிட்டேன். செடிகள் நெடிதுயர்ந்தன, அடிப்பகுதி மொட்டையாயிற்று, பூக்கள் அருகின. பால்மரம் சீவும் பெரியவர் ஒருவர் மகனை அழைத்துச் செல்ல வந்தவர், வேலியைப் பார்த்துவிட்டு, "வாத்தியாரய்யா, சீவாத மரத்தில் பால் ஏது? கவாத்துச் செய்யாத செடியில் பூ ஏது?" என்றார். அவர் கூற்று உண்மையே. செம்பருத்தி புதுத் தளிரில்தான் பூக்கும். உயரத்தில் மூன்றில் ஒரு பங்கை வெட்டினால், வெட்டின் கீழிருந்து பல தளிர்கள் கிளைக்கும். தளிர் பெருகினால் மொட்டும் பெருகும். பயிற்சிக் கல்லூரியில் நான் படித்து மறந்ததை அவர் தம் தொழிலால் அறிந்திருந்தார்.

தளிர்களில் வெள்ளைப் பஞ்சுபோல் மாவுப்பூச்சி ஒட்டியிருந்தால், அப்பகுதியை வெட்டி அகற்றுங்கள். எஞ்சியவற்றின் மீது சிறிது சவர்க்காரம் கரைத்த நீரை மாலையில் தெளியுங்கள். எறும்பு ஏறும் செடியைக் கூர்ந்து கவனியுங்கள். மாவுப்பூச்சி சுரக்கும் இனிப்பை நாடியே அவை பெரும்பாலும் ஏறுகின்றன.

பெற்றோர்களே! தோட்டங்கள் பல கைமாறின. பால்மரங்கள் இருந்த இடத்தில் செம்பனையும் வீடமைப்புப் பகுதிகளும் தோன்றின. ஆண்டுதோறும் சில குடும்பங்கள் தோட்டத்தை விட்டுப் பட்டணத்து அடுக்குமாடி வீடுகளுக்குச் செல்கின்றன. லாரியில் கட்டிலும் அலமாரியும் ஏறுகின்றன. முற்றத்துச் செடி மட்டும் நின்றுவிடுகிறது. புல்டோசர் வந்தபின் அதனைக் கேட்பார் இல்லை.

அவ்வாறு புறப்படும் நாள் வந்தால், அருள்கூர்ந்து நான்கு கிளைகளை வெட்டி, ஈரத்துணியில் சுற்றி எடுத்துச் செல்லுங்கள். வெயில் விழும் ஐந்தடி வராந்தாவில் ஒரு தொட்டி போதும். பாட்டி நட்ட அதே செடி பேரன் வீட்டிலும் பூக்கும். விதையற்ற அச்செடிக்கு நம் கையே விதை.

மாணவர்களே! வேலியைக் கவாத்துச் செய்யும் நாளில் விழும் கிளைகளைக் குப்பையில் எறிய மாட்டோம். விரும்புவோர் ஒரு பால் டின்னுடன் வாருங்கள். ஆளுக்கொரு கிளை கொடுத்தனுப்புகிறேன். வேர் பிடித்ததும் மற்றொரு கிளையை உங்கள் அண்டை வீட்டாருக்கு நீங்கள் கொடுங்கள்.

வளர்க செம்பருத்தி! வாழ்க நம் பள்ளி!