ஐம்பத்தேழு ஆண்டுகள் ஓர் ஆசனத்தில்

நம் கச்சேரி மேடையிலே பிடில் வித்துவான் ஒருவரே. பாடகரின் குரலை நிழல்போலத் தொடர்ந்து, இடம் வாய்த்தபோது தம் கற்பனையையும் காட்டிச் சபையோரின் கரகோஷத்தைப் பெறுகின்றார். மேனாட்டுப் பெரிய வாத்திய கோஷ்டிகளிலோ முப்பது பேர் வரை ஒருங்கே அமர்ந்து பிடில் வாசிக்கின்றனர். அவர்களுள் எவருடைய நாதமும் தனித்துக் கேட்டலாகாது. அங்ஙனமாயின் அக்கூட்டத்தின் நடுவே ஒருவர் தம் ஆயுளைக் கழித்துப் புகழும் எய்துவது எவ்வாறு? வியன்னா நகரத்து ஆர்னோல்ட் ரோஸேயின் வரலாற்றை அறிந்தால் அது விளங்கும்.

ருமேனியாவின் யாசி நகரில், 1863-ஆம் ஆண்டு ஒக்டோபர் 24-ஆந் தேதி, யூதக் குடும்பமொன்றில் பிறந்தவர் அவர். ரோஸன்பிளூம் என்பது குடும்பப் பெயர். பெற்றோர் வியன்னாவிற் குடியேறவே, அந்நகரத்துச் சங்கீதக் கல்லூரியிற் பயின்றார். 1881-இல், பதினேழே வயதில், அரசவை இசைநாடக அரங்கின் வாத்திய கோஷ்டிக்குப் பிடில் முதல்வராக நியமனம் பெற்றார். அவ்வரங்கின் கலைஞர்களே தமக்குள் ஒரு சங்கமாகக் கூடி நடத்துவதுதான் உலகப் புகழ்பெற்ற வியன்னா பில்ஹார்மோனிக் கோஷ்டி.

பிடில் முதல்வரின் தொழிலை நாம் சிறிது விளக்குதல் வேண்டும். கோஷ்டியை இயக்குபவர் கையிற் சிறு கோலுடன் நிற்பார். அவருக்கு இடப்புறம் முதல் ஆசனத்தில் அமர்பவர் இவர். எந்த இடத்தில் வில்லை மேலே தள்ளுவது, எந்த இடத்திற் கீழே இழுப்பது என்று தீர்மானிப்பவர் இவரே. முப்பது விற்களும் ஒரே வில்லைப் போல அசைவதன் இரகசியம் அதுதான். இயக்குநரின் எண்ணத்தைத் தம் தோளசைவினாலேயே பின்னாலிருப்போர்க்கு உணர்த்துவார். இயக்குநர்கள் வருவார்கள், போவார்கள், இவர் இருப்பார். ரோஸே இருந்தது ஐம்பத்தேழு ஆண்டுகள்!

அவ்வியக்குநர்களுள் ஒருவர் குஸ்தாவ் மாலர். 1897 முதல் 1907 வரை அவ்வரங்கின் அதிபராக விளங்கிய அவருடைய சகோதரி ஜஸ்டீனை 1902-இல் ரோஸே மணந்தார். அதற்கு முதல் நாளே மாலரின் திருமணமும் நடைபெற்றிருந்தது. தம் பெயரால் நால்வர் குழுவொன்றையும் ரோஸே பல ஆண்டுகள் நடத்தினார். 1908-இல் ஷோன்பர்க்கின் புதுமைப் படைப்பொன்றை அக்குழு முதன்முதலாக அரங்கேற்றியபோது சபையிற் சிரிப்பும் கூச்சலும் எழுந்தன. குழுவினரோ இறுதிவரை வாசித்தே முடித்தனர்.

1938 மார்ச்சு 12-இல் ஜேர்மன் படைகள் ஒஸ்திரியாவினுட் புகுந்தன. சில நாள்களுக்குள் ரோஸேயின் ஆசனம் பறிக்கப்பட்டது. எழுபத்து நான்கு வயதுக் கிழவர் செய்த குற்றம் யூதராய்ப் பிறந்தமை ஒன்றே. அவ்வாண்டு ஓகஸ்டில் மனைவியும் மறைந்தார்.

அவ்வேளையில் தந்தைக்குத் துணை நின்றவள் மகள் அல்மா. 1906-இற் பிறந்த அவளும் சிறந்த பிடில் கலைஞி. 1932-இல் பெண்கள் மட்டுமே கொண்ட வாத்திய கோஷ்டியொன்றை அமைத்து நடத்தியவள். தந்தையை 1939-இல் இலண்டனுக்குப் பத்திரமாக அழைத்து வந்தாள். ஆயினும் அங்கே வருமானம் போதவில்லை. ஒல்லாந்தில் வாசிக்க அழைப்புக் கிடைத்தது. தந்தையின் செலவுக்குப் பணம் ஈட்டும் பொருட்டு அவ்வாண்டு நவம்பரிற் கடல் கடந்து சென்றாள். பாதுகாப்பான கரையை விட்டு அபாயத்தின் வாயிலுக்கு ஒரு மகள் தானாகவே சென்றாளே என்று நாம் இன்று வருந்தலாம். வீட்டுச் செலவைச் சுமந்த பிள்ளைக்கு அன்று அது வெறும் வேலைப் பயணம்.

1940 மே மாதம் ஒல்லாந்தும் ஜேர்மனியர் வசமாயிற்று. அல்மா அங்கே அகப்பட்டுக்கொண்டாள். தப்பியோட முயன்றபோது 1942 டிசம்பரிற் பிரான்சிற் பிடிபட்டு, 1943 ஜூலையில் அவுஷ்விட்ஸ் மரண முகாமுக்கு அனுப்பப்பட்டாள். கைதிப் பெண்களைக் கொண்ட வாத்திய கோஷ்டியொன்று அங்கே இருந்தது. காலையும் மாலையும் கைதிகள் வேலைக்குச் சென்று திரும்பும்போது வாயிலில் அது வாசித்தல் வேண்டும். அதன் தலைமை அல்மாவிடம் ஒப்படைக்கப்பட்டது. அரைகுறையாகப் பயின்ற இளம் பெண்களையும் இடைவிடாத ஒத்திகையால் அவள் உருவாக்கினாள். தவறினால் கடிந்துகொண்டாள். வாசிப்பு நன்றாயிருக்கும் வரையிலேயே உயிருக்கு இடம் உண்டு என்பதை அறிந்தவளல்லவா? அக்கோஷ்டியிலிருந்த பெண்களுட் பெரும்பாலார் உயிர் தப்பினர். அல்மாவோ திடீர் நோயுற்று 1944 ஏப்ரிலில் முகாமிலேயே இறந்தாள்.

இலண்டனில் யுத்த காலத்திலும் பழைய நண்பர்களுடன் வாசித்து வந்த தந்தைக்கு இச்செய்தி யுத்தம் முடிந்த பின்னரே எட்டியது.

பின்பு வியன்னாவிலிருந்து அழைப்பு வந்தது: பழைய ஆசனத்துக்குத் திரும்பி வருமாறு. ரோஸே மறுத்துவிட்டார். நாஸிக் கட்சியினர் பலர் இன்னும் அக்கோஷ்டியில் இருக்கின்றனர் என்பது அவர் கூறிய காரணம். அது வெறும் கோபத்திற் பிறந்த கூற்றன்று. 1942-இல் அக்கோஷ்டியின் 123 கலைஞர்களுள் 60 பேர் நாஸிக் கட்சியின் அங்கத்தவர்கள் என்று, 2013-இல் வெளியான சரித்திர ஆய்வு காட்டியுள்ளது.

1946 ஓகஸ்டு 25-ஆந் தேதி அவர் இலண்டனிற் காலமானார். 1718-ஆம் ஆண்டு ஸ்திராடிவாரியின் கையால் உருவான அவரது பிடில், பிற்காலத்தில் ஒஸ்திரிய தேசிய வங்கியின் சேகரிப்பைச் சேர்ந்து, மீண்டும் வியன்னாவிலேயே ஒலிக்கலாயிற்று.