ஆர்க்கிட் வேருக்கும் மூச்சு வேணும்!

மகள் ஆசையாய்க் கொடுத்த ஆர்க்கிட் செடியைத் தாமிரபரணி வண்டல் மண்ணில் நட்டு, தினம் இரண்டு வேளை தண்ணீர் ஊற்றினேன். இலை துவண்டு போச்சு! போதவில்லையோ என்று இன்னும் ஊற்றினேன். தொட்டியைக் கவிழ்த்துப் பார்த்தால் பாதி வேர் அழுகிக் கிடந்தது.

அப்புறம்தான் புரிந்தது. நம் பொதிகை மலையில் பல ஆர்க்கிட்டுகள் மரக்கிளையைப் பற்றிக்கொண்டுதான் வளர்கின்றன. வேர்மேல் உள்ள பஞ்சு போன்ற உறை மழைநீரைச் சட்டென்று உறிஞ்சும். பிறகு காற்றில் உலரும். மண்ணில் புதைத்தால் மூச்சு முட்டாதா?

பழுப்பாகிக் கொழகொழத்த வேர்களை, தீயில் காட்டி ஆறிய கத்தரிக்கோலால் வெட்டி, செடியை ஒரு நாள் நிழலில் உலரவிட்டேன். பக்கவாட்டிலும் துளையுள்ள தொட்டியில் ஓட்டுச் சில்லு, அடுப்புக்கரி, ஊறவைத்து அலசிய தேங்காய் மட்டைத் துண்டுகள் போட்டு வைத்தேன்.

வேர் வெள்ளி நிறமாகத் தெரிந்தால் காலையில் தண்ணீர் விடுங்கள். பச்சையாக இருந்தால் வேண்டாம். காட்டுச் செடியைப் பறிக்காமல் நர்சரியில் வாங்குங்கள், சகோதரிகளே.

இப்போது புது வேர்கள் தொட்டிக்கு வெளியே நீளுகின்றன. "என்னக்கா, வேர் வெளிய தொங்குதே, வெட்டலையா?" என்றாள் பக்கத்து வீட்டுப் பெண்.

"வெட்டக்கூடாதும்மா, அது மூச்சு விடுது!" என்றேன்.